லீ சோங் வெய்யை ஜெயித்தாயிற்று, நாளைக்கு என்ன? பிரணாயின் கதை

வணக்கம் மக்களே. பேட்மிண்டன் என்றாலே சாய்னா, சிந்து என்று ஆரம்பித்து அங்கேயே முடித்துவிடுவோம். ஆண்களில் யார் என்று கேட்டால் ஸ்ரீகாந்த், லக்‌ஷயா சென் என்று வரும். இன்றைக்கு நான் எடுத்திருப்பது எச்.எஸ். பிரணாய். ஒலிம்பிக் பதக்கம் வாங்கியதில்லை, உலக நம்பர் ஒன் ஆனதில்லை. ஆனாலும் ஷட்டிலையே பிழைப்பாக எடுத்துக்கொண்ட ஒருவரின் வாழ்க்கை எப்படி ஓடும் என்று தெரிய வேண்டுமா, இவர் ஒருத்தரைப் பார்த்தால் போதும்.

சின்ன வயதுக் கதையெல்லாம் அப்புறம். நேராக 2017 ஜூன் மாதம், ஜகார்த்தா, இந்தோனேசியா ஓப்பன். வியாழக்கிழமை லீ சோங் வெய்யோடு ஆட்டம். மூன்று ஒலிம்பிக்கில் அடுத்தடுத்து வெள்ளி வாங்கிய மலேசிய ஜாம்பவான். பிரணாய் 21-10, 21-18 என்று நேர் செட்டில் முடித்துவிட்டார். வெள்ளிக்கிழமை சீனாவின் சென் லாங். ரியோ ஒலிம்பிக்கில் தங்கம் வாங்கி ஒரு வருஷம்கூட ஆகாத ஆள். மூன்று செட் போனது, கடைசி செட் 21-19, அதுவும் பிரணாய்க்கே. ஊரெல்லாம் ஒரே கொண்டாட்டம். ‘ஜாம்பவான்களைச் சாய்ப்பவர்’ என்று பேப்பர்களில் பட்டம் கொடுத்தார்கள்.

சனிக்கிழமை அரையிறுதி. எதிரே ஜப்பானின் கசுமாசா சகாய். தகுதிச் சுற்று ஆடித்தான் உள்ளேயே வந்தவர். முந்தைய இரண்டு நாள் ஆட்டத்தைப் பார்த்தவர்கள் பிரணாய் ஃபைனலுக்குப் போய்விட்டார் என்றே நினைத்திருப்பார்கள். முதல் செட் 21-17, பிரணாய். இரண்டாவது செட் 26-28. மூன்றாவது 18-21. தோல்வி.

அந்த 26-28-ஐக் கொஞ்சம் நின்று பாருங்கள். 20-20 ஆகிவிட்டால் இரண்டு பாயிண்ட் வித்தியாசம் வரும் வரை ஆட வேண்டும், 30-இல்தான் நிறுத்துவார்கள். முதல் செட் கையில் இருக்கிறது, மேட்ச் பாயிண்ட் வருகிறது, போகிறது, திரும்பவும் வருகிறது, போகிறது. அதில் ஒரே ஒரு பாயிண்ட் பிரணாய் பக்கம் விழுந்திருந்தால் ஞாயிற்றுக்கிழமை ஃபைனல். மறுநாள் அதே சகாயை ஸ்ரீகாந்த் இரண்டே செட்டில் ஜெயித்துக் கோப்பையை வாங்கினார். ஒரே அகாடமி, ஒரே கோச், ஒரே வாரம்.

பிரணாயின் ஆட்ட வாழ்க்கையில் பாதி வருஷங்கள் இந்த மூன்று நாள்தான் திரும்பத் திரும்ப ஓடியது. ஒரு பெரிய போட்டியில் ஒற்றையர் பிரிவில் 32 பேர். கோப்பை வேண்டுமென்றால் ஐந்து ஆட்டம் ஜெயிக்க வேண்டும், அதுவும் ஏறக்குறைய தினமும். பெரிய ஆளோடு ஆடும்போது உங்கள் மேல் பாரம் இல்லை. தோற்றால் யாரும் ஏன் என்று கேட்கப்போவதில்லை, கையை வீசி அடிக்கலாம். மறுநாள் காலை எழுந்தால் தொடை கனக்கும், முதுகு பிடிக்கும். இப்போது நீங்கள்தான் ஜெயிக்க வேண்டியவர். எதிரில் நிற்பவர்தான் கையை வீசி அடிக்கிறார். பெரிய ஆளை ஒரு நாள் ஜெயிக்கிற திறமை நம் ஊர் ஆட்டக்காரர்கள் பல பேருக்கு உண்டு. வாரம் முழுக்க ஜெயிப்பது வேறு வேலை. அந்த வேலையைப் பிரணாய் முப்பது வயதுக்குப் பக்கத்தில் வந்துதான் கற்றுக்கொண்டார். இந்த வீடியோவே அதைப் பற்றித்தான்.

சரி, பின்னணியைச் சட்டென்று சொல்லிவிடுகிறேன். 1992-இல் டெல்லியில் பிறந்தவர், வளர்ந்தது திருவனந்தபுரம். அப்பா விமானப் படையில் வேலை பார்த்தவர், அங்கே பேட்மிண்டன் ஆடியவர். அவர்தான் முதல் கோச். நம் நாட்டு பேட்மிண்டனில் இது பழகிப்போன கதை, பிரகாஷ் படுகோனேவுக்கும் லக்‌ஷயா சென்னுக்கும்கூட அப்பாதான் ஆரம்பம். 2010-இல் சிங்கப்பூரில் நடந்த யூத் ஒலிம்பிக்கில் வெள்ளி. பிறகு ஹைதராபாத், கோபிசந்த் அகாடமி.

அங்கே யார் யார் இருந்தார்கள் என்று பாருங்கள். காஷ்யப், ஸ்ரீகாந்த், சாய் பிரணீத், குருசாய்தத். எல்லாரும் காலையில் ஒரே கோர்ட்டில் பயிற்சி, சாயங்காலம் ஒரே மெஸ். ஒலிம்பிக் சீட்டு மட்டும் ஒரு நாட்டுக்கு அதிகபட்சம் இரண்டு, அதுவும் இரண்டு பேரும் தரவரிசையில் முதல் 16-க்குள் இருந்தால்தான். பிரணாய் ரியோவுக்கும் போகவில்லை, டோக்கியோவுக்கும் போகவில்லை. தினமும் கூடவே பயிற்சி எடுக்கிற நண்பன் பெட்டி கட்டிக்கொண்டு கிளம்புவதைப் பார்ப்பது எப்படி இருக்கும், நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

நடுவில் கோப்பைகள் வராமல் இல்லை. 2014-இல் இந்தோனேசியன் மாஸ்டர்ஸ், 2016-இல் சுவிஸ் ஓப்பன், 2017 ஜூலையில் யுஎஸ் ஓப்பன், அதுவும் ஃபைனலில் காஷ்யப்பைத் தோற்கடித்து. அதே வருஷம் நாக்பூரில் ஸ்ரீகாந்தை ஜெயித்து தேசிய சாம்பியன். 2018 மே மாதம் உலகத் தரவரிசையில் 8-ஆவது இடம்.

அதற்கப்புறம் வயிறு கெட்டது. வேடிக்கையாகச் சொல்லவில்லை. வயிற்றில் இருக்கும் அமிலம் உணவுக்குழாயில் மேலே ஏறும் நோய் என்று 2018-இல் கண்டுபிடித்தார்கள். நம் வீடுகளில் நெஞ்செரிச்சல் என்று சொல்லி ஒரு ஜெலுசில் போட்டுக்கொண்டு போய்விடுவோம். ஒரு ஷட்டில் ஆட்டக்காரருக்கு அது அப்படி இல்லை. நெட்டுக்குப் பாய்ந்து குனிந்து எடுக்க வேண்டும், அடுத்த நொடி பின்னால் ஓடித் துள்ளி ஸ்மாஷ் அடிக்க வேண்டும், ஒரு மணி நேரம் இதே. சாப்பிட்டது வயிற்றில் நிற்காவிட்டால், ராத்திரி தூக்கம் சரியில்லாவிட்டால், மூன்றாவது செட்டில் காலில் என்ன மிச்சம் இருக்கும்?

தரவரிசை வேறு யாருக்காகவும் காத்திருக்காது. கடைசி 52 வாரத்தில் நீங்கள் ஆடியதில் சிறந்த 10 போட்டிகளின் புள்ளிகளைத்தான் கூட்டுவார்கள். போன வருஷம் இதே வாரம் வாங்கிய புள்ளி இந்த வாரம் கழன்றுவிடும், அதற்குப் பதில் புதுசாக எதையாவது போட்டாக வேண்டும். பிரணாய் சரிந்து 30-க்கு வெளியே போனார். பெரிய போட்டியில் இருப்பதே 32 இடம் என்று சொன்னேன் இல்லையா, அப்படியென்றால் உள்ளே நுழைவதே போராட்டம். உள்ளே போனாலும் முதல் சுற்றிலேயே பெரிய ஆள் வந்து நிற்பார்.

அந்த மோசமான காலத்திலும் பழைய வித்தையை ஒரு தடவை காட்டினார். 2019 உலகச் சாம்பியன்ஷிப், பாசல் நகரம். இரண்டாவது சுற்றில் லின் டானை ஜெயித்தார். ஐந்து முறை உலகச் சாம்பியன், இரண்டு ஒலிம்பிக் தங்கம். அடுத்த சுற்றில் அன்றைய உலக நம்பர் ஒன், ஜப்பானின் மொமோட்டாவிடம் தோற்றார். பார்த்தீர்களா, அதே கதை. 2020-இல் அர்ஜுனா விருதுக்குத் தன் பெயரைப் பரிந்துரைக்கவில்லை என்று ட்விட்டரில் பகிரங்கமாகக் கோபப்பட்டார். விருது 2022-இல்தான் வந்தது.

இப்போது 2022 மே, பாங்காக், தாமஸ் கோப்பை, அதாவது ஆண்கள் அணிகளுக்கான உலகப் போட்டி. இங்கே கொஞ்ச நேரம் இருக்கப்போகிறேன், ஏனென்றால் மூன்றாவது ஒற்றையர் என்ற அந்த இடம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஒரு நாட்டுக்கும் இன்னொரு நாட்டுக்கும் ஐந்து ஆட்டம்: ஒற்றையர், இரட்டையர், ஒற்றையர், இரட்டையர், கடைசியில் ஒற்றையர். அந்தக் கடைசி ஆள் பிரணாய். முதல் மூன்று ஆட்டத்தில் முடிவு தெரிந்துவிட்டால் அவர் ராக்கெட்டைப் பையிலிருந்து எடுக்கவே வேண்டாம். 2-2 என்று வந்துவிட்டால் நாட்டின் மொத்தக் கணக்கும் அவர் தலையில். அதனால் ஆடப்போகிறோமா இல்லையா என்று தெரியாமலே மணிக்கணக்காக உடம்பைச் சூடாக வைத்திருக்க வேண்டும். சீக்கிரம் வார்ம் அப் செய்தால் ஆறிப்போகும், தாமதித்தால் தசை பிடிக்கும்.

காலிறுதி, மலேசியா, 2-2. பிரணாய் இறங்கி லியோங் ஜுன் ஹாவை 21-13, 21-8 என்று முடித்தார். தாமஸ் கோப்பையில் இந்தியாவுக்கு முதல் பதக்கம் அந்த ராத்திரி உறுதியானது. மறுநாளே அரையிறுதி, டென்மார்க். லக்‌ஷயா ஆக்செல்சனிடம் தோற்றார். நம் இரட்டையர் ஜோடி சாத்விக்-சிராக் மூன்றாவது செட்டை 22-20 என்று தப்பித்து எடுத்தார்கள். ஸ்ரீகாந்த் ஆண்டன்சனை ஜெயித்தார். அடுத்த இரட்டையர் போனது. மறுபடி 2-2, மறுபடி பிரணாய்.

எதிரே ராஸ்மஸ் கெம்கே. முதல் செட்டில் ஒரு ஷட்டிலை எடுக்கப் போய்ப் பிரணாய் வழுக்கினார், கணுக்கால் மடங்கியது. டாக்டர் வந்து பார்த்தார். 13-21, செட் போனது. பழைய பிரணாயாக இருந்தால் வலி தாங்காமல் எல்லாவற்றையும் ஸ்மாஷ் அடித்துச் சீக்கிரம் முடிக்கப் பார்த்திருப்பார் என்று நினைக்கிறேன். இரண்டாவது செட்டில் வேறு ஆளாக இறங்கினார். 21-9. மூன்றாவது 21-12. கணுக்கால் வலியோடு ஒருவர் ஒன்பது பாயிண்ட் மட்டும் விட்டுக்கொடுத்து ஒரு செட் ஆடியிருக்கிறார், அதுவும் உலகத் தரத்தில். இந்தியா முதல் தடவையாக ஃபைனலுக்குப் போனது.

ஃபைனலில் இந்தோனேசியாவை 3-0 என்று அடித்தோம். பிரணாய் ஆடவே தேவைப்படவில்லை. மறுநாள் பேப்பர் படங்களில் ஸ்ரீகாந்தும் லக்‌ஷயாவும் சாத்விக்-சிராக்கும் முன்னால் இருந்தார்கள், அதில் தப்பில்லை, ஜெயித்துக் கொடுத்தது அவர்கள்தான். ஆனால் அந்த ஞாயிற்றுக்கிழமை இந்தியா கோர்ட்டில் நின்றதற்கே காரணமான இரண்டு ராத்திரி யாருடையது என்று ஷட்டில் பார்க்கிறவர்களுக்குத் தெரியும்.

அடுத்து 2023. மலேசியா மாஸ்டர்ஸ், கோலாலம்பூர். முதல் சுற்றில் சௌ டியென் சென், அடுத்து அந்த வருஷத்து ஆல் இங்கிலாந்து சாம்பியன் லி ஷிஃபெங், அடுத்து நிஷிமோட்டோ. மூன்றும் மூன்று செட் ஆட்டம். அரையிறுதியில் எதிராளி காயம்பட்டுப் பாதியில் விலகினார், பிரணாய்க்குக் கொஞ்சம் மூச்சு வாங்க நேரம் கிடைத்தது. ஃபைனலில் சீனாவின் வெங் ஹாங்யாங்கோடு 94 நிமிஷம் ஆடி 21-19, 13-21, 21-18. 2017-க்கு அப்புறம் கிட்டத்தட்ட ஆறு வருஷம் கழித்து ஒரு கோப்பை. வாரம் முழுக்க ஜெயித்துவிட்டார், முப்பது வயதில்.

பரிசுப் பணம் எவ்வளவு தெரியுமா? 31,500 டாலர், அன்றைய மதிப்பில் சுமார் 26 லட்சம் ரூபாய். அதே வருஷம் ஐபிஎல் ஏலத்தில் இந்தியாவுக்கு ஆடாத பையனுக்கே அடிப்படை விலை 20 லட்சம். கிரிக்கெட்டைத் திட்டவில்லை, கணக்கைச் சொல்கிறேன். அரசு உதவியும் பொதுத்துறை வேலையும் இல்லாவிட்டால் நம் ஷட்டில் ஆட்டக்காரர்களில் பாதிப் பேர் இருபத்தைந்து வயதில் ராக்கெட்டை மாட்டிவைத்துவிட்டுப் போயிருப்பார்கள்.

ஆகஸ்டில் கோபன்ஹேகன், உலகச் சாம்பியன்ஷிப் காலிறுதி. எதிரே விக்டர் ஆக்செல்சன், ஒலிம்பிக் சாம்பியன், நடப்பு உலகச் சாம்பியன், அவருடைய சொந்த நாடு, அரங்கம் முழுக்க அவர் ஆட்கள். ஆறடி நாலு அங்குல உயரம். அவருக்கு ஷட்டிலை மேலே தூக்கிக் கொடுத்தால் தலைக்கு மேலிருந்து செங்குத்தாக இறங்கும். பிரணாய் முதல் செட்டை 13-21 என்று விட்டார். பிறகு முடிந்தவரை தூக்கவே இல்லை. தாழ்வாக, வேகமாக, உடம்பைப் பார்த்து அடித்துக்கொண்டே இருந்தார். 21-15, 21-16. அரையிறுதியில் தாய்லாந்தின் குன்லவுட்டிடம் மூன்று செட்டில் தோற்று வெண்கலம்.

அடுத்து ஹாங்சோ ஆசிய விளையாட்டு. காலிறுதியில் முதுகு வலியோடு மலேசியாவின் லீ ஸீ ஜியாவுக்கு எதிராக மூன்றாவது செட்டில் 18-20. இரண்டு மேட்ச் பாயிண்ட் எதிராளி கையில். தொடர்ந்து நாலு பாயிண்ட் எடுத்து 22-20. ஜகார்த்தாவில் இவரிடமிருந்து நழுவியது ஞாபகம் இருக்கிறதா, இந்தத் தடவை நழுவவிட்டது அடுத்த ஆள். 1982-இல் சையத் மோடிக்குப் பிறகு ஆண்கள் ஒற்றையரில் இந்தியாவுக்கு வந்த முதல் ஆசிய விளையாட்டுப் பதக்கம் அந்த வெண்கலம்.

பாரிஸ் ஒலிம்பிக் பற்றி எனக்கு இன்னும் ஆற்றாமை உண்டு. 32 வயதில் முதல் ஒலிம்பிக். போவதற்குக் கொஞ்சம் முன்னால் சிக்குன்குனியா. அது வந்தவர்களைக் கேட்டுப் பாருங்கள், மூட்டு மூட்டாக வலி, மாடிப்படி ஏறுவதே பாடு. அதோடு போய் இரண்டு ஆட்டம் ஜெயித்தார். ஒன்று மூன்று செட், ராத்திரி நேரத்து ஆட்டம். மறுநாளே அடுத்த சுற்று, அதிலும் எதிரே லக்‌ஷயா. 12-21, 6-21. அந்த ஸ்கோரை வைத்துக்கொண்டு அவர் முடிந்துபோனார் என்று பேசியவர்களைப் பார்த்தால் எனக்குக் கோபம்தான் வருகிறது.

முடிந்துபோகவில்லை. 2025 ஜனவரியில் மலேசியா ஓப்பனில் திரும்ப வந்தார். அந்த ஆட்டத்தில் அரங்கத்தின் கூரை ஒழுகி, கோர்ட் நனைந்து, பாதியில் நிறுத்தி மறுநாள் ஆட வைத்தார்கள். அதையும் ஜெயித்தார். அதே வருஷம் பாரிஸ் உலகச் சாம்பியன்ஷிப்பில் ஆண்டன்சனை மூன்றாவது செட்டில் 21-23 வரை இழுத்தார். 33 வயது.

நேரம் கிடைத்தால் அந்தக் கெம்கே ஆட்டத்தைத் தேடி முழுசாகப் பாருங்கள். ஹைலைட்ஸ் வேண்டாம், அதில் ஸ்மாஷ் மட்டும்தான் இருக்கும். இரண்டாவது செட்டின் முதல் ஐந்து நிமிஷத்தில் அடிபட்ட காலை அவர் எப்படி ஊன்றிப் பார்க்கிறார், நெட்டுக்கு எப்போது போகிறார், எப்போது போகாமல் விடுகிறார் என்று மட்டும் கவனியுங்கள். அடுத்த வீடியோவில் சாத்விக்-சிராக் சர்வீஸ் எடுக்கும் விதத்தைப் பற்றிப் பேசலாம். வரட்டுமா.