பானை ஓட்டில் ஒரு பெயர், ஒரு சில்லு

நேயர்களுக்கு வணக்கம்.

சிவகங்கை மாவட்டத்துக் கீழடியில் 2015 முதல் நடைபெற்று வரும் அகழாய்வுகளில் கிடைத்த பானை ஓடுகளுள் இரண்டு வகைகளைப் பற்றி இன்று பேச விரும்புகிறேன். ஒரு வகை ஓடுகளில் ‘ஆதன்’, ‘குவிரன்’ போன்ற ஆட்பெயர்கள் தமிழி என்னும் பழந்தமிழ் எழுத்தில் கீறப்பட்டுள்ளன. மற்றொரு வகை, உடைந்த ஓட்டை வட்டமாகத் தேய்த்து எடுத்த சில்லுகள். பாண்டி ஆடும் பிள்ளைகள் கட்டத்துக்குள் எறிகின்ற கல்லுக்கும் ஓட்டுக்கும் இன்றும் அதுதான் பெயர். அந்தச் சில்லுகளோடு பகடையும் ஆட்டக்காய்களும் அதே மண்ணில் கிடைத்தன. ஒரு வகை பெயரைக் காட்டுகிறது, மற்றொன்று விளையாட்டை; நம் ஆட்பெயர்களையும் விளையாட்டுச் சொற்களையும் பற்றியதே இந்தப் பேச்சு.

அந்த ஆதன் யார் என்று நாம் அறியோம். ஆனால் அப்பெயர் அக்காலத்தில் பெருவழக்காக இருந்தது. நெடுஞ்சேரலாதன், செல்வக்கடுங்கோ வாழியாதன் என்று சேர மன்னர் பலர் அப்பெயரைத் தாங்கியிருக்கிறார்கள். ‘ஆதன்’ என்பதோடு ‘தந்தை’ என்ற சொல் சேர்ந்தால் ‘ஆந்தை’ என்றும், ‘பூதன்’ என்பதோடு சேர்ந்தால் ‘பூந்தை’ என்றும் ஆகும் என்று தொல்காப்பியத்தின் எழுத்ததிகாரம் விதி வகுக்கிறது. இந்த விதியை அறியாதவருக்குப் பிசிராந்தையார் என்ற புலவரின் பெயரில் ஒரு பறவைதான் தெரியும். உண்மையில் அவர் பிசிர் என்னும் ஊரைச் சேர்ந்த, ஆதனுடைய தந்தை. பிள்ளையின் பெயரால் ஊரார் அவரை அழைத்திருக்கிறார்கள். ‘முருகன் அப்பா வந்தாரா?’ என்று நம் தெருவில் இன்றும் கேட்பது அந்த வழக்கம்தான். இத்தனை ஆண்டுகள் ஆகியும் நரை தோன்றவில்லையே என்று கேட்டவர்களுக்கு அவர் சொன்ன விடை புறநானூற்றில் 191ஆம் பாடலாக உள்ளது. மாண்புடைய மனைவியோடு மக்களும் அறிவு நிரம்பியவர்கள் என்பதையே அவர் முதற்காரணமாகச் சொல்கிறார். பிள்ளையின் பெயரால் அறியப்பட்ட ஒருவருக்கு இது பொருத்தமான விடையே.

நக்கீரன், நப்பூதன், நச்செள்ளை, நக்கண்ணை ஆகிய பெயர்களின் முதலில் நிற்கும் ‘ந’ சிறப்பை உணர்த்தும் ஓர் எழுத்து. கீரன் வேறு, நக்கீரன் வேறு. இந்த வழக்கு முற்றிலும் மறைந்துவிட்டது. மறையாத ஒன்று ‘பேரன்’ என்ற உறவுச்சொல். பெயரன் என்பதே பேரன் ஆயிற்று. பாட்டனின் பெயரைத் தாங்குகிறவன் என்று பொருள். ஆனால் மாமனாரின் பெயரை மருமகள் வாய்விட்டுச் சொல்லக் கூடாது என்ற கட்டுப்பாடு இருந்த வீடுகளில், அவர் பெயரையே இட்ட குழந்தையைத் தாய் எப்படிக் கூப்பிடுவாள்? அதற்காகவே ராசா, தம்பி, கண்ணு என்று இன்னொரு கூப்பிடு பெயர் வந்து சேர்ந்தது.

நம் பெயர்களில் என்னை மிகவும் கவர்ந்தவை, அழகில்லாதவை என்று பலரும் ஒதுக்கும் பெயர்களே. முன்பிறந்த குழந்தைகள் தொடர்ந்து இறந்துபோன வீட்டில், அடுத்துப் பிறந்த குழந்தையைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்துக் குப்பன் என்றும் குப்பம்மாள் என்றும் பெயரிட்டார்கள். இறைவனிடம் இரந்து பெற்றதாகக் கருதிப் பிச்சை என்று பெயரிட்டார்கள். பிறர் கையில் கொடுத்துத் தவிட்டுக்குத் திரும்ப வாங்கியவர்களும் உண்டு. விலையற்ற பொருளைக் கூற்றுவன் தேடி வரமாட்டான் என்பதே இவற்றின் உட்பொருள். பிச்சை என்ற பெயர் சமய வேறுபாடின்றி வழங்கியதிலிருந்து, அந்த அச்சமும் எல்லோருக்கும் பொதுவாக இருந்தது என்று கொள்ளலாம். போதும்பொண்ணு என்ற பெயரின் கதை வேறு. அதில் இருப்பது பாசமன்று, அடுத்தது ஆணாகப் பிறக்கட்டும் என்ற விருப்பம். இரண்டையும் ஒரே தட்டில் வைத்துக் கிராமத்துப் பெயர்கள் என்று சிரிப்பது முறையன்று.

பெயரைப் பெரியவர்கள் மாற்றிவிடுகிறார்கள். சமயம் மாறினாலும், நாகரிகம் மாறினாலும், எண்கணிதக்காரர் சொன்னாலும் மாற்றிவிடுகிறார்கள். விளையாட்டுச் சொல்லைத் திருத்த யாரும் மெனக்கெடுவதில்லை. அதனால்தான் அச்சொற்களில் பழைமை கூடுதலாகத் தங்கியிருக்கிறது என்பது என் கருத்து.

புள்ளி புள்ளியாக நிழல் விழும் வேப்பமரத்தடியில், பொன் உரைக்கும் கட்டளைக்கல்லைப் போன்ற அரங்கு கீறி, நெல்லிக்காயை வட்டாக, அதாவது ஆட்டக்காயாகக் கொண்டு சிறுவர்கள் ஆடிய காட்சியை நற்றிணையின் 3ஆம் பாடலில் இளங்கீரனார் பாடுகிறார். பாடியவரின் பெயரிலும் ஒரு கீரன் இருப்பதைக் கவனியுங்கள். அரங்கு என்பது இங்கே ஆட்டத்துக்கான கட்டம். ‘அரங்கின்றி வட்டாடியற்றே’ என்று வள்ளுவர் 401ஆம் குறளில் சொல்வதும் இந்தக் கட்டத்தைத்தான். நாடக மேடையை நினைத்துக்கொண்டு படித்தால் குறள் விளங்காது.

கழகம் என்ற சொல்லின் வரலாறு இதைவிடச் சுவையானது. ‘கவறும் கழகமும் கையும்’ என்று சூது அதிகாரத்தில் வரும் கழகம், சூதாடும் இடம். கம்பர் காலத்தில் அது ‘கலைதெரி கழகம்’ ஆகி, இளைஞர்கள் கலை பயிலும் இடத்தைக் குறிக்கிறது. அதே பாட்டில் இளம்பெண்கள் பந்து பயிலும் இடமும் உண்டு. இருபதாம் நூற்றாண்டில் பல்கலைக்கழகம் முதல் போக்குவரத்துக் கழகம் வரை அச்சொல் பரவிவிட்டது. அரசியல் கட்சிகளைப் பற்றி நான் எதுவும் சொல்லப்போவதில்லை.

தாய ஆட்டத்தைப் பாருங்கள். தாயம் என்பதற்குப் பங்கு, குடிவழி உரிமை என்ற பொருள்கள் உண்டு; பங்காளியைத் தாயாதி என்பது அதனால்தான். ஆட்டத்தில் ஒன்று விழுவதே தாயம். அது விழுந்தால்தான் காய் கட்டத்துக்குள் இறங்கும். உரிமை கிடைத்த பிறகே நுழைவு என்று இதை விளங்கிக்கொள்ளலாம். இறங்கிய காய் எதிரியிடம் வெட்டுப்படாமல் சுற்றி முடித்தால் அது பழம். பல்லாங்குழியில் ஒரு குழியில் நான்கு காய்கள் சேர்ந்தால் அது பசு. நான்கு கால் என்ற கணக்கில் வந்திருக்கலாம் என்பது என் ஊகம். ஆட்டத்தில் பெயருக்குச் சேர்த்துக்கொள்ளும் சிறு பிள்ளையை ஒப்புக்குச் சப்பாணி என்கிறோம். சப்பாணிக் கருப்பரை வழிபடும் ஊர்களில் சப்பாணி என்பது ஆட்பெயருமாகும்.

இச்சொற்கள் எவ்வளவு உறுதியானவை என்பதற்கு நம் எல்லைக்கு வெளியிலிருந்தே ஒரு சான்று காட்டலாம். மகாராட்டிரத்தில் கிட்டிப்புள்ளை விட்டி தாண்டு என்பார்கள். அங்கே சிறுவர்கள் அடிகளை எண்ணும் பழைய முறையில் வகட், லேண்ட், மூண்ட், நால் என்ற சொற்கள் வரும். மராத்தியில் ஒன்று ஏக், இரண்டு தோன், மூன்று தீன். வகட் என்பதைத் தெலுங்கின் ஒகட்டியோடும், லேண்டை ரெண்டோடும், மூண்டை மூடோடும் வைத்துப் பார்த்தால் உறவு தெளிவாகும். நாலுக்கு நமக்கு விளக்கமே வேண்டாம். வீட்டிலும் பள்ளியிலும் மராத்தியில் எண்ணிய பிள்ளைகள், கிட்டிப்புள்ளைக் கையில் எடுத்தவுடன் திராவிட எண்களில் எண்ணியிருக்கிறார்கள். அவை வேற்று மொழி எண்கள் என்பதே அவர்களுக்குத் தெரியாது.

வணக்கம்.