லீடா பாரோவாவைச் சாய்த்தது காலமே!

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். செக் நடிகை லீடா பாரோவாவின் வாழ்வைக் குலைத்தது காலமா, ஆசையா என்ற கேள்விக்குக் காலமே என்று சொல்ல வந்திருக்கிறேன்.

எதிரணி நண்பர் சற்றுமுன், “யானைக் கொட்டடிக்குப் பக்கத்தில் குடிபோனவள், மிதிபட்ட பிறகு யானையைத் திட்டலாமா?” என்று கேட்டுவிட்டு அமர்ந்தார். அவை கைதட்டியது. நானும் தட்டினேன், நல்ல வரிதான். ஆகவே அந்த யானையைப் பற்றியே பேசுவோம்.

1914-இல் பிராக் நகரில் பிறந்து 17 வயதில் திரைக்கு வந்த பாரோவா, 20 வயதில் பெர்லினின் உஃபா படநிறுவனத்துக்காக ‘பார்க்கரோலே’ படத்தில் நடிக்கச் சென்றார். அதில் கதாநாயகன் குஸ்டாவ் ஃப்ரோலிஷ், ‘மெட்ரோபோலிஸ்’ படத்தில் நடித்துப் புகழ்பெற்றவர். இருவரும் காதலித்தார்கள். இடையில் வந்தார் ஜெர்மனியின் திரையுலகம் முழுவதையும் கைக்குள் வைத்திருந்த ஹிட்லரின் பிரச்சார அமைச்சர் கோயபல்ஸ். அமைச்சரின் கன்னத்தில் ஃப்ரோலிஷ் அறைந்துவிட்டார் என்று பெர்லினெங்கும் ஒரு வதந்தி ஓடியது. அறை விழவேயில்லை என்பார்கள். விழாத அறைக்கும் ஓசை கேட்டது!

ஜெர்மன் மொழியில் ‘ஃப்ரோலிஷ்’ என்றால் மகிழ்ச்சியாக இருப்பவர் என்று பொருள். நம் ஊரில் ஆனந்தன் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆனந்தன் அமைச்சரை அறைந்தார் என்ற செய்தி பரவியதும், பெர்லின்காரர்கள் தங்களுக்குள், “நானும் ஒருநாள் ஆனந்தனாக இருக்க வேண்டும்!” என்று சொல்லிச் சிரித்தார்கள். யார் புகார் செய்ய முடியும்? ஆனந்தமாக இருக்க ஆசைப்படுவது குற்றமா? அலுவலகத்தில் ஒருவர் பெருமூச்சு விடுகிறார்: “ஆனந்தனாக இருக்க வேண்டும்.” ரொட்டிக் கடை வரிசையில் ஒரு பெண்மணி சொல்கிறார்: “எனக்கும்தான்!” வாய்திறக்க அஞ்சிய ஒரு நகரம், ஒரு நடிகரின் பெயருக்குள் ஒளிந்துகொண்டு அமைச்சரை அறைந்த கதை இது.

ஒரு நகரமே நேராகச் சொல்ல முடியாததை, அதே அமைச்சரின் முகத்துக்கு நேரே 22 வயதுப் பெண் சொல்லியிருக்க வேண்டும் என்கிறார் நண்பர்.

சரி, மிதித்த யானைக்கு என்ன ஆயிற்று? 1938-இல் கோயபல்ஸின் மனைவி மக்தா ஹிட்லரிடம் முறையிட்டார். பாரோவாவுடனான உறவை முறிக்கச் சொல்லிக் கோயபல்ஸுக்கு ஆணை வந்தது. யானை கொட்டடிக்குத் திரும்பிப் பழையபடி கரும்பு தின்றது. பாரோவாவுக்கோ படவாய்ப்பு பறிபோனது. அவர் நடித்து முடித்திருந்த ஒரு படம் 1950 வரை வெளிவரவில்லை. தப்பிப் பிராக் திரும்பினார். 1939 மார்ச்சில் என்ன நடந்தது? ஜெர்மன் படை பிராகுக்குள் நுழைந்தது. நண்பரே, இம்முறை யார் யாருடைய வீட்டுக்குப் பக்கத்தில் குடிவந்தது?

ஹாலிவுட் அழைத்தும் அவர் போகவில்லையே என்று எதிரணி அடுத்துக் கேட்கும். அது உண்மைதான், அதற்கு என்னிடம் பதில் இல்லை. ஆனால் இதற்கு மேல் வாதாடவும் எனக்கு மனமில்லை, நடுவர் அவர்களே.

போர் முடிந்ததும், ஜெர்மானியருக்கு ஒத்துழைத்தவர் என்ற குற்றச்சாட்டில் பாரோவா கைதாகிச் சொந்த நாட்டுச் சிறையில் அடைக்கப்பட்டார். அவருடைய தாயும் விசாரிக்கப்பட்டார், அந்த விசாரணையின்போதே இறந்தார். தங்கை சோர்கா யானூவும் நடிகைதான். 1946-இல் தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டார். பாரோவா விடுதலையாகி, 1948-இல் நாட்டைவிட்டு வெளியேறி, 1953-இல் இத்தாலிய இயக்குநர் ஃபெல்லினியின் படமொன்றில் தோன்றி, கடைசியில் ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க்கில் வாழ்ந்து 2000-இல் மறைந்தார். அவருடைய அஸ்தி மட்டும் பிராகுக்குத் திரும்பியது. தாயும் தங்கையும் உறங்கும் கல்லறையில் அது சேர்க்கப்பட்டது.

பாரோவா ஆசைப்பட்டார் என்றே வைத்துக்கொள்வோம். அந்தத் தங்கை எதற்கு ஆசைப்பட்டாள்? எதிரணி நண்பர் எழுந்து அதற்கு மட்டும் பதில் சொல்லட்டும். வணக்கம்.