அரிய சொல்லும் அறிய வேண்டியதே

நடுவர் அவர்களே, எங்கள் சனசமூக நிலைய ஆண்டு விழாவுக்கு வந்திருக்கும் ஊர்ச் சனமே, வணக்கம். அரிய ஆங்கிலச் சொற்களின் பொருளையும் உச்சரிப்பையும் தேடிப் படிப்பது பயனா, வீணா என்பது தலைப்பு. பயனே என்று பேச வந்திருக்கிறேன்.

கதைக்கும்போது வராத சொல்லைப் பிள்ளைகள் ஏன் சுமக்க வேண்டும் என்று எதிரணித் தம்பி கேட்டார். சரி, நம் திண்ணைப் பள்ளிகளில் செய்யுளில் சொற்பொருள் சொல்லும் நிகண்டை மனனம் செய்தார்களே, அதில் இருந்ததெல்லாம் சந்தையில் கதைத்த சொல்லா? 1842இல் மானிப்பாயில் அச்சான யாழ்ப்பாண அகராதியில் 58 ஆயிரத்துக்கும் மேற்பட்ட சொற்கள் உண்டு. வீண் வேலை என்று அதை இந்த மண் ஒதுக்கவில்லை.

உச்சரிப்புக்கு வருகிறேன். எனக்கு மனம் நோவது அங்கேதான். கெட்டிக்காரப் பிள்ளைகளும் ஆங்கிலத்தில் வாய் திறக்கப் பயப்படுகிறார்கள். எழுத்துக்கூட்டி வாசித்தால் வகுப்பே சிரிக்கிறது. பிழை பிள்ளையிலா?

நம் பத்திரிகைகள் 'கேணல்' என்று எழுதும் இராணுவப் பதவியை எடுங்கள். ஆங்கில எழுத்தில் அது 'கொலொனெல்' என்று கிடக்கிறது. முதல் 'எல்' எங்கே போனது? இத்தாலியில் அது 'கொலொனெல்லோ'. பிரெஞ்சில் அந்த 'எல்' திரிந்து 'கொரொனெல்' ஆனது. 16ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயர் எடுத்துக்கொண்டது அந்த வடிவத்தை. அப்புறம் படித்தவர்கள் எழுத்தை மட்டும் இத்தாலியப் பக்கம் திருப்பினார்கள். சனத்தின் வாய் திரும்பவில்லை.

உணவுப் பொருளைக் குறிக்கும் 'விட்டில்ஸ்' என்ற பழஞ்சொல்லில் ஒலிக்காத 'சி' நிற்கிறது. கடன் என்னும் 'டெட்'டில் 'பி' நிற்கிறது. இரண்டும் லத்தீன் மூலத்தைக் காட்டப் பண்டிதர்கள் பின்னாளில் செருகியவை. தீவு என்னும் 'ஐலண்ட்' இன்னும் அநியாயம். அது லத்தீன் வழி வந்த சொல்லே அல்ல; லத்தீன் வழி வந்த 'ஐல்' என்ற வேறொரு சொல்லோடு குழப்பி 'எஸ்'ஸைப் போட்டுவிட்டார்கள். நெடுந்தீவுப் பிள்ளை ஒன்று அந்த 'எஸ்'ஸை உச்சரித்துவிட்டால் சிரிக்க யாருக்கு உரிமை இருக்கிறது?

கைபேசி உச்சரித்துக் காட்டுமே என்றார்கள். காட்டும். ஏன் அப்படி ஒலிக்கிறது என்பதை அகராதியில் வேர் தேடித்தான் அறிய வேண்டும். தேடினால் நம் சொல்லும் அங்கே இருக்கும். 'ஷெரூட்' என்று ஆங்கில அகராதியில் இருப்பது நம் சுருட்டுத்தான். புகையிலைத் தோட்டங்களுக்கு நடுவே வளரும் பிள்ளைக்கு இதையாவது சொல்ல வேண்டாமா?

நடுவர் அவர்களே, தீர்ப்பு எப்படி இருந்தாலும் எனக்கு ஒரு வேண்டுகோள் உண்டு. இந்த நிலையத்தின் வாசிகசாலைச் சுவரில் ஒரு கரும்பலகை வைப்போம். நாளுக்கு ஒரு சொல், அதன் ஓசை தமிழ் எழுத்தில், பக்கத்தில் அதன் கதை. எழுதும் பொறுப்பை நான் ஏற்கிறேன். வணக்கம்.