போர்க்காலமும் எழுத்தாளர் கடமையும்

நேயர்களுக்கு வணக்கம். போர்க்காலத்தில் எழுத்தாளரின் கடமை எது என்று எண்ணும்போதெல்லாம் என் நினைவுக்கு முதலில் வருபவர் சங்கப் புலவர் கோவூர்கிழார். வெற்றியைக் கொண்டாடிப் பரணி பாடிய புலவர்கள் நம்மிடம் உண்டு. அவர்களை நான் குறை கூறவில்லை. ஆனால் சோழர் குலத்து நெடுங்கிள்ளி ஆவூர்க் கோட்டைக் கதவை அடைத்துக்கொண்டு உள்ளே இருக்க, அதே குலத்து நலங்கிள்ளி வெளியே முற்றுகையிட்டிருந்தபோது, கோவூர்கிழார் நெடுங்கிள்ளியிடம் புகழைப் பற்றி முதலில் பேசவில்லை. நெற்கவளம் கிடைக்காத யானைகள் துதிக்கையை நிலத்தில் புரளவிட்டுப் பெருமூச்செறிகின்றன, பாலில்லாமல் குழந்தைகள் அலறுகின்றன, பெண்கள் பூவில்லாத வெறுந்தலையை முடிகிறார்கள், தண்ணீர் இல்லாத வீடுகளில் அழுகுரல் கேட்கிறது. இவற்றுக்கு நடுவே நீ இனிதாக இருப்பது கொடிது என்றார். அறவழி நிற்பவனானால் நலங்கிள்ளியிடம் 'இது உன்னுடையது' என்று சொல்லிக் கதவைத் திற, மறவனானால் போரிடத் திற என்பதை அதன் பிறகே சொன்னார். முதலில் குழந்தையின் பசி, பிறகுதான் மன்னனின் மானம். அந்தப் புறநானூற்றுப் பாடலில் இந்த வரிசையைத்தான் நேயர்கள் கவனிக்க வேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன்.

நம் பர்மாவுக்கு வருவோம். 1941 டிசம்பர் 23 அன்று ஜப்பானியர் ரங்கூனில் குண்டு வீசிய பின், ஏறத்தாழ 5 லட்சம் இந்தியர் இந்நாட்டை விட்டு வெளியேறினர். தமு வழியாக மணிப்பூருக்கும், அரக்கான் மலைகளைக் கடந்து சிட்டகாங்குக்கும் நடந்தவர்களில் பல்லாயிரம் பேர் காலராவுக்கும் பசிக்கும் வழியிலேயே பலியாயினர். ரங்கூனில் 'ஜோதி' இதழின் ஆசிரியராக இருந்த வெ. சாமிநாத சர்மாவும் 1942இல் மனைவியோடு அப்படி நடந்தவர். பின்னர் அந்தப் பயணத்தையே ஒரு நூலாக எழுதினார். பிளேட்டோவைத் தமிழில் தந்த அறிஞர் தாம் நடந்த வழியையும் எழுதி வைத்தாரே, அந்தச் சிறு நூலை அவருடைய பெரிய நூல்களுக்குச் சற்றும் குறைவாக நான் மதிப்பதில்லை. ஏனெனில் உடன் நடந்தவர்களில் எத்தனையோ பேர் எழுதப் படிக்கத் தெரியாத கூலித் தொழிலாளர். அவர்கள் பட்ட பாடு ஏட்டில் ஏறுவதற்கு, எழுதத் தெரிந்த ஒருவர் அதே வழியில் நடக்க வேண்டியிருந்தது.

அதே போரில் ஜப்பானியர் போர்க்கைதிகளையும் தொழிலாளரையும் கொண்டு அமைத்த சயாம்-பர்மா ரயில்பாதையைப் பற்றி விரிவாகப் பேச எண்ணியிருந்தேன், நேரம் முடியப்போகிறது. அப்பாதையின் பர்மா முனையான தான்பியூசாயாட்டில் போர்க்கைதிகளின் கல்லறைகளில் பெயர் பொறித்திருக்கிறார்கள். மலாயாத் தோட்டங்களிலிருந்து அப்பாதை வேலைக்குக் கொண்டுவரப்பட்டு மாண்ட தமிழரில் பெரும்பாலோருக்கு அதுவும் இல்லை. நடைப்பயணத்தையோ ரயில் வேலையையோ பற்றித் தாத்தா பாட்டி சொல்லக் கேட்டவர்கள் உங்கள் வீட்டில் இருந்தால், அவர்கள் சொல்வதை ஊர்ப் பெயர்களோடும் ஆள் பெயர்களோடும் இந்த வாரமே ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். வணக்கம்.