பனியில் நடந்த சபை

நேயர்களுக்கு வணக்கம்.

1841 ஜனவரி 21. ஸ்காட்லாந்தின் வடகிழக்கில் மார்னோக் என்ற சிற்றூர். எங்கும் பனி. ஆலயத்தில் புதுப் போதகருக்குக் குருப்பட்டம் கொடுக்கும் நாள். சபையாரோ தங்கள் வேதாகமங்களை எடுத்துக்கொண்டு எழுந்து, பனியில் இறங்கி நடந்துவிட்டார்கள். அந்தப் போதகரை வேண்டும் என்று அழைத்துக் கையெழுத்திட்டவர் சபையில் ஒரே ஒருவர், ஊர் விடுதிக்காரர்.

வேண்டாத போதகர் எப்படி வந்தார்? 1712 முதல், பல ஊர்களில் போதகரை முன்மொழியும் உரிமை நிலப்பிரபுக்களின் கையில் இருந்தது. சபையில் பெரும்பாலான குடும்பத் தலைவர்கள் மறுத்தால் அவரை ஏற்கக் கூடாது என்று 1834இல் ஸ்காட்லாந்துத் திருச்சபையின் பொதுப்பேரவை விதி செய்தது. அதே ஆண்டு ஆக்டரார்டர் ஊரில் அந்த விதிக்குச் சோதனை வந்தது. 330 குடும்பத் தலைவர்களில் 287 பேர் மறுத்தார்கள். நிலப்பிரபு வழக்குப் போட்டார். எடின்பரோ நீதிமன்றமும், 1839இல் அன்று பிரிட்டனின் மேல்முறையீட்டு மன்றமாகவும் இருந்த நாடாளுமன்றப் பிரபுக்கள் சபையும் அவர் பக்கமே தீர்ப்புச் சொல்லின.

சட்டப் புத்தகத்தை மட்டும் பார்த்தால் அந்தத் தீர்ப்பில் நியாயம் உண்டு. சம்பளமும் போதகர் இல்லமும் யாருக்கு என்று நீதிமன்றம் சொல்லட்டும். ஒருவர் தலையில் கைவைத்து ஜெபித்து அவரை மேய்ப்பராக்கு என்று மூப்பர்களுக்கு ஆணையிடலாமா? என் மனம் இந்தக் கேள்வியைத் தாண்டிப் போக மறுக்கிறது. மார்னோக்கில் ஏழு போதகர்கள் பேரவையின் தடையை மீறி, நீதிமன்றத்துக்குக் கீழ்ப்படிந்து அந்த வேண்டாத போதகருக்குக் குருப்பட்டம் கொடுத்தார்கள். பேரவை அவர்களைப் பதவியிலிருந்தே நீக்கியது.

பிறகு 1843 மே 18. பேரவைத் தலைவர் டேவிட் வெல்ஷ், நீதிமன்றத் தலையீட்டைக் கண்டிக்கும் எதிர்ப்புரையை வாசித்து மேசைமேல் வைத்துவிட்டு எடின்பரோ ஆலயத்தை விட்டு வெளியேறினார். பின்னாலேயே எதிர்ப்பாளர்களின் முன்னணித் தலைவர் தாமஸ் சால்மர்ஸ், வரிசை வரிசையாக மற்றவர்கள். திருச்சபையின் போதகர்களில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல், சுமார் 470 பேர், சம்பளத்தையும் வீட்டையும் விட்டு, சுயாதீனச் சபை என்ற தனிச் சபையானார்கள். பிள்ளைகுட்டிக்காரர்கள் அவர்கள். மேற்கு ஸ்காட்லாந்தில் ஸ்ட்ரான்ஷியன் என்ற ஊரில் ஆலயம் கட்ட நிலம் கிடைக்கவில்லை; சபையார் இரும்பில் மிதக்கும் ஆலயம் செய்து கடற்கழியில் நங்கூரமிட்டு ஆராதித்தார்கள்.

சென்னையையும் இது தொட்டது. 1837இல் இங்கே பள்ளி தொடங்கிய ஸ்காட்லாந்து மிஷனரி ஜான் ஆண்டர்சன் பிரிந்தவர்களோடு சேர்ந்தார்; அந்தப் பள்ளியே பின்னாளில் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரி ஆனது. எழும்பூர் கிர்க் ஆலயம் பழைய திருச்சபையோடு நின்றது. கல்கத்தாவில் மிஷனரி அலெக்சாண்டர் டஃப் பிரிந்தவர்களோடு சேர்ந்ததால் தம் கல்லூரிக் கட்டடத்தையே விட்டுக்கொடுக்க நேர்ந்தது.

நீதிமன்றத்தை விட்டு விலகிவந்த அந்தச் சுயாதீனச் சபையையும் நீதிமன்றம் விடவில்லை. 1900இல் அது இன்னொரு பிரஸ்பிட்டேரியன் சபையோடு இணைந்தபோது ஒரு சிறு பிரிவு மறுத்து நின்றது. ஸ்தாபகர்களின் கொள்கையைக் காப்பவர்கள் இவர்களே, எனவே சொத்து இவர்களுக்கே என்று 1904இல் பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. சபையின் விசுவாசம் எது என்பதை நீதிபதிகள் எடைபோட வேண்டியதாயிற்று. அத்தனை ஆலயங்களையும் பராமரிக்க அந்தச் சிறுபான்மைக்கு ஆள்பலம் ஏது? மறு ஆண்டே நாடாளுமன்றம் சட்டம் இயற்றிச் சொத்தைப் பங்கிட்டுக் கொடுத்தது.

நிலப்பிரபுக்களின் முன்மொழியும் உரிமை 1874இலேயே ஒழிந்திருந்தது. ஆன்மிகக் காரியங்களில் தீர்மானிப்பது திருச்சபையே என்று நாடாளுமன்றம் சட்டத்தில் எழுதி ஒப்புக்கொண்டது 1921இல். அன்று பனியில் நடந்தவர்களின் பேரப்பிள்ளைகளே முதியவர்களாகி இருப்பார்கள்.