வேடிக்கை பார்க்கும் ஷாக் அப்சர்வர்

நேயர்களுக்கு வணக்கம்.

போன தீபாவளிக்கு என் மகள் பெங்களூரிலிருந்து வந்திருந்தாள். என்னுடைய பழைய மாருதி 800-ஐ எடுத்துக்கொண்டு திருச்சி காந்தி மார்க்கெட் வரை போய்விட்டு வந்தவள், சாவியை மேசையில் வைத்துக்கொண்டே கேட்டாள்: "என்னப்பா, கார் பரிசல் மாதிரி ஆடுது?"

எனக்குச் சுருக்கென்றது. தொழிற்பயிற்சி நிலையத்தில் மோட்டார் மெக்கானிக் பிரிவுப் பிள்ளைகளுக்கு வருஷக்கணக்காக சஸ்பென்ஷன் பாடம், அதாவது சக்கரத்துக்கும் பாடிக்கும் நடுவே இருக்கும் ஸ்பிரிங், ஷாக் அப்சார்பர் பற்றிய பாடம் நடத்தியவன் நான். அந்தக் காரைத் தினமும் ஓட்டுகிறவனும் நான்தான். எனக்குத் தெரியவில்லை, என்றைக்காவது ஓட்டுகிற மகளுக்குத் தெரிந்துவிட்டது.

பல்பு ஃபியூஸ் ஆவதைப் போல ஷாக் அப்சார்பர் ஒரே நாளில் போவதில்லை. இன்றைக்குக் கொஞ்சம், அடுத்த மாசம் கொஞ்சம் என்று தேயும். நம் கையும் காலும் அதற்கேற்ப மாறிக்கொண்டே போகும். வளைவில் கொஞ்சம் முன்னதாகவே வேகத்தைக் குறைப்போம், மேட்டைக் கண்டால் இன்னும் மெதுவாக ஏற்றுவோம். "வயசாயிடுச்சு, நிதானமா ஓட்டுறேன்" என்று நினைத்துக்கொண்டிருந்தேன். வயசு எனக்கில்லை, காருக்கு.

முதலில் பெயரைப் பற்றி ஒரு வார்த்தை. நம்மூர் ஒர்க்‌ஷாப்களில் பலர் இதை 'ஷாக் அப்சர்வர்' என்றுதான் சொல்வார்கள். அப்சர்வர் என்றால் பார்வையாளர். என் மாணவர்களை நான் திருத்திக்கொண்டே இருப்பேன். இப்போது திருத்துவதில்லை. தேய்ந்துபோன பிறகு அது நிஜமாகவே அப்சர்வர்தான். சக்கரம் குதிப்பதைச் சும்மா வேடிக்கை பார்த்துக்கொண்டு நிற்கும்.

சரியான பெயர்கூட முழுக்கச் சரியில்லை. பள்ளத்தில் விழும் அடியை வாங்கிக்கொள்வது ஸ்பிரிங். ஆனால் ஸ்பிரிங்குக்கு ஒரு கெட்ட பழக்கம்: வாங்கியதைத் திருப்பிக் கொடுக்கும். அழுத்தினால் எழும்பும், எழும்பினால் இறங்கும், ஊஞ்சல் மாதிரி ஓயாது. அந்த ஆட்டத்தை அடக்குவதுதான் ஷாக் அப்சார்பரின் வேலை. உள்ளே எண்ணெய், அதற்குள் ஒரு பிஸ்டன், பிஸ்டனில் பொடிப்பொடித் துளைகள். சக்கரம் ஏறி இறங்கும்போது எண்ணெய் அந்தத் துளைகள் வழியாகத் திணறித் திணறிப் போகும். ஆட்டத்தின் சக்தி அங்கே சூடாக மாறிவிடும். மோசமான ரோட்டில் அரை மணி நேரம் ஓட்டிவிட்டு நிறுத்தி, ஷாக் அப்சார்பரின் உடம்பைத் தொட்டுப் பாருங்கள், வெதுவெதுவென்று இருக்கும். அப்படிச் சூடேறினால் அது வேலை செய்கிறது என்று அர்த்தம்.

மாருதி 800-இல் முன்பக்கம் இருப்பது மெக்ஃபர்சன் ஸ்ட்ரட். ஷாக் அப்சார்பரைச் சுற்றியே ஸ்பிரிங் உட்கார்ந்திருக்கும். கீழ்முனை சக்கரத்தைத் தாங்கும் நக்கிளில் போல்ட் போட்டிருக்கும், மேல்முனை பானெட்டுக்குள் பாடியில் நட்டால் பிடித்திருக்கும். எர்ல் மெக்ஃபர்சன் என்ற அமெரிக்க எஞ்சினியர் வடிவமைத்தது. 1950-இல் இங்கிலாந்தில் ஃபோர்டு கம்பெனி கான்சல், செஃபிர் கார்களில் அதைப் போட்டது. பாகங்கள் குறைவு, இடம் மிச்சம், விலையும் குறைவு. அதனால்தான் சின்னக் கார்கள் எல்லாம் அதைப் பிடித்துக்கொண்டன. இதில் நாம் கவனிக்க வேண்டியது, ஸ்ட்ரட் என்பது ஆட்டத்தை அடக்கும் சாமான் மட்டும் கிடையாது. சக்கரத்தை நிமிர்த்திப் பிடித்திருக்கும் தூணும் அதுவே. ஸ்டியரிங்கைத் திருப்பினால் அந்தத் தூணே சேர்ந்து திரும்பும்.

இனி என் அசட்டுத்தனத்தைச் சொல்ல வேண்டும். மகள் சொல்வதற்கு ஏழெட்டு வருஷம் முன்பு இதே காரில் முன்னால் 'டொக் டொக்' என்று ஒரு சத்தம். அவசரம், சொந்தமாகப் பார்க்க நேரமில்லை. ஒரு ஒர்க்‌ஷாப்பில் விட்டேன். ஷாக் போயிடுச்சு என்றார்கள். ரீகண்டிஷன் பண்ணிய ஜோடி ஒன்று கைவசம் இருக்கிறது, பாதி விலை என்றார்கள். தலையாட்டிவிட்டேன். பழைய ஸ்ட்ரட்டைத் திறந்து, ஆயில் சீல் மாற்றி, ஏதோ ஓர் எண்ணெயை ஊற்றி மூடி, பளபளவென்று கறுப்புப் பெயின்ட் அடித்த சாமான். மாட்டிக்கொண்டு வந்தேன். சத்தம் அப்படியே இருந்தது! நாலு மாசத்தில் இரண்டிலும் எண்ணெய் கசிந்து வழிந்தது. கடைசியில் பார்த்தால், சத்தத்துக்குக் காரணம் ஸ்ட்ரட்டின் தலையில் இருக்கும் மவுண்ட் ரப்பர் பிய்ந்திருந்ததுதான்.

தேய்ந்த ஷாக் அப்சார்பர் பெரும்பாலும் சத்தமே போடாது. சத்தம் போடுவதெல்லாம் அக்கம்பக்கத்தார்: மேல் மவுண்ட் ரப்பர், அதிலிருக்கும் பேரிங், லோயர் ஆர்ம் புஷ் (மூட்டில் இருக்கும் ரப்பர் வளையம்), பால் ஜாயின்ட், ஸ்டெபிலைசர் பார் புஷ். அந்தச் சத்தத்துக்காக ஷாக்கை மாற்றுகிறவர்கள் ஏராளம். உண்மையிலேயே ஷாக் போன காரோ சத்தமில்லாமல் ஓடிக்கொண்டிருக்கும்.

சத்தம் எங்கிருந்து வருகிறது என்று பார்க்க ஒரு வழி. காரை நிறுத்தி, பானெட்டைத் திறந்து, ஸ்ட்ரட் மவுண்டின் மேல் விரலை வையுங்கள். வேறு ஒருவர் காரின் மூக்கை ஆட்டட்டும். மவுண்ட் போயிருந்தால் அந்த 'டொக்' காதுக்கு முன் விரலுக்குத் தெரியும். அதேபோல, நிற்கும் காரில் ஒருவர் ஸ்டியரிங்கைத் திருப்பும்போது ஸ்பிரிங்கைப் பாருங்கள். சீராகத் திரும்பாமல் முறுக்கிக்கொண்டு நின்று, திடீரென்று 'டங்' என்று விடுபட்டால் மவுண்ட் பேரிங் இறுகிவிட்டது.

சரி, ஷாக் போனதை எப்படிக் கண்டுபிடிப்பது? காரின் மூலையை அழுத்திவிட்டுக் கையை எடுப்பது எல்லாருக்கும் தெரிந்த சோதனை. எழும்பி, ஒரு தரம் இறங்கி நின்றால் நல்லது. தொட்டில் மாதிரி ஆடிக்கொண்டே இருந்தால் போச்சு. ஆனால் இதில் தேறாதவை மட்டும்தான் நிச்சயம். தேறியவற்றை நம்ப முடியாது. பழைய காரில் துருப்பிடித்து இறுகிய புஷ்களே ஆட்டத்தை நிறுத்திவிடும், நாம் ஷாக் நன்றாக இருக்கிறது என்று நினைத்துக்கொள்வோம். கசிவைப் பார்க்கலாம். பிஸ்டனோடு சேர்ந்த கம்பியான ராடு வெளியே வரும் இடத்தில் லேசாக எண்ணெய்ப் பிசுக்கு, அதில் புழுதி ஒட்டியிருப்பது சாதாரணம். உடம்பு நெடுக ஈரம் வழிந்திருந்தால் உள்ளே எண்ணெய் குறைந்துவிட்டது என்று பொருள்.

நான் பார்ப்பது டயரை. உள்ளங்கையை டயரின் மேல் சுற்றிலும் தடவிக்கொண்டே போங்கள். பணியாரச் சட்டியின் குழிகள் மாதிரி விட்டுவிட்டுப் பள்ளமாகத் தேய்ந்திருந்தால் சந்தேகமே வேண்டாம், அந்தச் சக்கரம் ரோட்டில் குதித்துக் குதித்து ஓடியிருக்கிறது. இதை டயர் கப்பிங் என்பார்கள். அடக்க ஆளில்லாத சக்கரம் நொடிக்கு ஏறக்குறைய பத்துப் பன்னிரண்டு தடவை துள்ளும். இப்போது 145/70 ஆர்12 அளவு டயர் போட்ட மாருதி 800-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். அதன் சுற்றளவு சுமார் 1.6 மீட்டர். 60 கிலோமீட்டர் வேகத்தில் அந்தச் சக்கரம் நொடிக்குப் பத்துச் சுற்றுக்குச் சற்று மேல் சுற்றும். துள்ளலும் சுற்றும் ஏறக்குறைய ஒன்றாக வருகின்றன, பார்த்தீர்களா? பேலன்சிங் சரியில்லாத சக்கரமாக இருந்தால் ஒவ்வொரு சுற்றிலும் டயரின் அதே இடம் அடிவாங்கும். தஞ்சாவூர் ரோட்டில் நாம் சாதாரணமாகப் போகும் வேகமே அதுதான்.

குதிக்கும் நேரத்தில் டயர் ரோட்டைச் சரியாகப் பிடிப்பதில்லை என்பதையும் சேர்த்து நினைத்துப் பாருங்கள். அந்த நேரத்தில் பிரேக் பிடித்தால் என்ன ஆகும்? மழைக்காலத்தில் என்ன ஆகும்?

அடுத்தது எதை வாங்குவது. என் அபிப்பிராயம், பழைய காருக்குக் கம்பெனி முதலில் எந்த அளவில் கொடுத்ததோ அதே அளவு, அதே கடினம். மாருதியின் ஜெனியூன் பார்ட்ஸ் வாங்கலாம். கேப்ரியல், மன்ரோ மாதிரி நல்ல பெயருள்ள கம்பெனிகளுடையதும் வாங்கலாம். உங்கள் காரின் மாடலையும் வருஷத்தையும் சொல்லிக் கேளுங்கள், அட்டைப்பெட்டியில் உள்ள பார்ட் நம்பரைப் பாருங்கள். இடது, வலது இரண்டும் வேறு வேறு. பிரேக் ஹோஸைப் பிடிக்கும் கிளிப் எந்தப் பக்கம் என்று பார்த்தாலே தெரிந்துவிடும். வாங்கினால் ஜோடியாகத்தான் வாங்க வேண்டும். ஒரு பக்கம் மட்டும் கசிகிறது, ஒன்று போதும் என்று கேட்பவர்கள் உண்டு. ஒரு காலில் புதுச் செருப்பும் மறுகாலில் தேய்ந்த செருப்பும் போட்டுக்கொண்டு ஓடிப் பாருங்கள்.

கேஸ் ஷாக் வாங்கலாமா என்று கேட்பார்கள். அதிலும் வேலை செய்வது எண்ணெய்தான். குறைந்த அழுத்தத்தில் நைட்ரஜன் அடைத்திருப்பார்கள், அவ்வளவே. வேகமாக அடிபடும்போது வெறும் எண்ணெய் கடைந்த மோர் மாதிரி நுரைக்கும். நுரைத்தால் பிடிப்புப் போய்விடும். நைட்ரஜன் அதைத் தடுக்கும். உங்கள் காருக்கென்றே வந்த கேஸ் ஷாக் இருந்தால் தாராளமாகப் போடலாம். ஸ்போர்ட்ஸ் ஷாக் என்று இறுக்கமானது ஏதாவது தந்தால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். 650 கிலோ காருக்கு அது ஆகாது, முதுகெலும்புதான் பதில் சொல்லும்.

இன்னொன்று, ஸ்பிரிங் சுருள்களுக்கு நடுவே சொருகும் ரப்பர் பஃபர். கார் உயரும், ஸ்பீட் பிரேக்கரில் அடி தட்டாது என்று விற்கிறார்கள். அது ஸ்பிரிங்கைக் கடினமாக்குமே தவிர ஆட்டத்தை அடக்காது. ஏற்கெனவே களைத்துப்போன ஷாக்குக்கு இன்னும் வேலை கூடும். ஸ்பீட் பிரேக்கர் என்றதும் ஞாபகம் வருகிறது. சாலைகளுக்குத் தரம் வகுக்கும் அமைப்பான இந்திய ரோடு காங்கிரஸின் விதிப்படி வேகத்தடை 10 சென்டிமீட்டர் உயரமும் 3.7 மீட்டர் அகலமுமாக, மெல்ல ஏறி மெல்ல இறங்க வேண்டும். எங்கள் தெருவில் இருப்பது வாசப்படி. சரி, அது வேறு கச்சேரி.

ஷாக்கோடு மேல் மவுண்ட், பேரிங், பம்ப் ஸ்டாப் (ஷாக் முழுசாக அமுங்கும்போது இடிக்காமல் தாங்கும் ரப்பர்), டஸ்ட் கவர் எல்லாவற்றையும் சேர்த்தே வாங்கிவிடுங்கள். மொத்தச் செலவில் இவை கொஞ்சம்தான். இவற்றுக்காக இன்னொரு தடவை எல்லாவற்றையும் கழற்றினால் மறுபடி முழுக் கூலி. பழைய காரின் ரப்பர் எப்படியும் காய்ந்திருக்கும்.

இப்போது மாற்றும் வேலை. வீட்டிலேயே செய்ய ஆசைப்படுகிறவர்களிடம் ஒன்றை மட்டும் கண்டிப்பாகச் சொல்வேன். பானெட்டைத் திறந்தால் ஸ்ட்ரட்டின் உச்சியில், நடுவில் ஒரு பெரிய நட்டு தெரியும். அதன் மேல் கை வைக்காதீர்கள்! அமுக்கி வைத்த ஸ்பிரிங் மொத்தத்தையும் பிடித்துக்கொண்டிருப்பது அந்த ஒரு நட்டுதான். சுற்றியுள்ள சின்ன நட்டுகளை எடுத்தால் ஸ்ட்ரட் முழுசாக இறங்கிவிடும். இறங்கிய பிறகு, ஸ்பிரிங்கை அமுக்கிப் பிடிக்கும் கருவியான ஸ்பிரிங் கம்ப்ரஸரை எதிரும் புதிருமாக மாட்டி, இந்தப் பக்கம் இரண்டு சுற்று, அந்தப் பக்கம் இரண்டு சுற்று என்று மாறி மாறி முறுக்க வேண்டும். ஸ்பிரிங் மேல்தட்டை விட்டு விலகிக் கையால் ஆட்டினால் ஆடும் நிலை வரும். அதற்கப்புறம்தான் நடு நட்டு. கம்பியும் கயிறும் கட்டி ஒப்பேற்றுகிற ஒர்க்‌ஷாப்பாக இருந்தால் காரை எடுத்துக்கொண்டு வந்துவிடுங்கள். ஸ்பிரிங் தெறித்தால் தாடையைப் பெயர்த்துவிடும்.

கழற்றும் முன் நக்கிளில் உள்ள இரண்டு போல்ட்களைச் சுற்றி ஆணியால் ஒரு கோடு கீறிக்கொள்ளுங்கள். பிரேக் ஹோஸை ஸ்ட்ரட்டிலிருந்து விடுவித்துவிடுங்கள், டிஸ்க் அசெம்பிளியின் பாரம் அதில் தொங்கக் கூடாது. புது ஷாக்கை நிமிர்த்திப் பிடித்து நாலைந்து முறை முழுசாக அமுக்கி இழுங்கள். கடையில் படுக்கையில் கிடந்ததால் பிஸ்டன் பக்கம் ஏறிய காற்று அங்கிருந்து விலகிவிடும். நட்டை இறுக்கும்போது ராடு கூடவே சுற்றும். பக்கத்தில் கட்டிங் பிளேயர் இருக்கும், கை தானாக அதற்குப் போகும். பளபளக்கும் அந்த ராடைப் பிளேயரால் கவ்வினால் ஒரு கீறல் விழும். ஒவ்வொரு தடவை ஏறி இறங்கும்போதும் அந்தக் கீறல் ஆயில் சீலை அறுக்கும். இரண்டு மாசத்தில் கசியும், கம்பெனி சாமான் மோசம் என்று நாம் திட்டுவோம். ஸ்பிரிங்கின் கீழ்முனை அதன் தட்டில் உள்ள பள்ளத்தில் சரியாக உட்கார்ந்திருக்கிறதா என்றும் பாருங்கள்.

முடித்ததும் வீல் அலைன்மென்ட். கோடு கீறி வைத்திருந்தாலும் சரி, போட்டே ஆக வேண்டும். போல்ட் ஓட்டையில் நூல் அளவு நகர்ந்தாலும் கேம்பர், அதாவது சக்கரத்தின் சாய்வு மாறும், கேம்பரோடு டோவும், அதாவது சக்கரம் உள்பக்கமோ வெளிப்பக்கமோ திரும்பி நிற்கும் அளவும் மாறும். அலைன்மென்டுக்குப் பணம் மிச்சம் பிடித்துவிட்டு முன் டயர் இரண்டை இழந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். கார் உயரம் கூடவில்லையே என்று ஏமாறாதீர்கள். உயரம் ஸ்பிரிங்கின் வேலை. ஸ்பிரிங் தளர்ந்திருந்தால் அதைத் தனியாகப் பார்க்க வேண்டும்.

என் காரில் இந்த முறை நானே மாற்றினேன். பழைய ஜோடியைத் தரையில் நிறுத்தி ராடை ஒரு விரலால் அமுக்கினேன். வெண்ணெயில் கத்தி இறங்குவது போல இறங்கியது, இறங்கிய இடத்திலேயே நின்றுவிட்டது. இழுத்தால் பாதி தூரம் வரைக்கும் எதுவுமே பிடிக்கவில்லை, அதற்கப்புறம்தான் லேசாக ஒரு முனகல். புதியதை அமுக்க என் உடம்பு பாரத்தையே கொடுக்க வேண்டியிருந்தது. கேஸ் ஷாக் என்பதால், விட்டதும் மெல்ல, அவசரப்படாமல் எழுந்து வந்தது. பழையதில் ஒன்றை இரும்புக் கடைக்குப் போடாமல் வைத்திருக்கிறேன். காரைப் பற்றிச் சந்தேகம் கேட்டு யாராவது வீட்டுக்கு வந்தால் முதலில் அதைக் கையில் கொடுத்து, "அமுக்கிப் பாருங்க" என்கிறேன்.

வணக்கம்.