ஒரு சொட்டுப் பால்

எல்லாருக்கும் வணக்கம். மதுரையில் நின்று சாவைப் பற்றிப் பேசத் தயங்க வேண்டியதில்லை. மீனாட்சி கோயிலுக்குப் பக்கத்தில் சொக்கப்ப நாயக்கன் தெரு இருக்கிறது. 1896 ஜூலையில் அங்கே ஒரு வீட்டு மாடியில், வெங்கடராமன் என்ற 16 வயதுப் பையனுக்கு, உடம்பில் ஒரு நோயும் இல்லாதபோது, சாகப்போகிறோம் என்ற பயம் வந்தது. அவன் டாக்டரைத் தேடி ஓடவில்லை. பிணம் போல விறைத்துப் படுத்து, உதட்டை இறுக மூடிக்கொண்டு, சாவது எது என்று தனக்குள்ளே கேட்டான். அந்தப் பையன்தான் ரமணர்.

அவர் மருத்துவத்தை வெறுத்தவர் இல்லை. இடது கையில் புற்றுக்கட்டி வந்தபோது நான்கு தடவை அறுவைக்கு உடன்பட்டார். கையையே எடுத்துவிடலாம் என்றபோதுதான் வேண்டாம் என்றார். 1950 ஏப்ரல் 14 அன்று காலமானார். போதும் என்று சொல்ல அவருக்கு இடம் இருந்தது.

என் அப்பாவுக்கு நாங்கள் அந்த இடத்தைக் கொடுக்கவில்லை. வயது 81, சிறுநீரகம் இரண்டும் போய்விட்டது. ‘எல்லாம் பண்ணுங்க டாக்டர்’ என்று கையெழுத்துப் போட்டது நான்தான். 11 நாள் ஐசியூ. குழாயைப் பிடுங்கிவிடுவார் என்று இரண்டு கையையும் துணியால் கட்டிலோடு கட்டியிருந்தார்கள். தொண்டையில் குழாய், குரல் வராது. ‘தண்ணி’ என்று உதடு மட்டும் அசைந்தது. பஞ்சை நனைத்து ஒற்றினேன். நேரம் முடிந்தது என்று வெளியே அனுப்பினார்கள். விடியற்காலையில் போய்விட்டார். நம் பக்கம், போகிற உயிருக்குப் பிள்ளைகள் வாயில் பால் ஊற்றுவோம். எங்களில் ஒருவருக்கும் அது வாய்க்கவில்லை.

தீரக்கூடிய நோய் என்றால் வென்டிலேட்டர் உயிரைக் காக்கும். எத்தனையோ பேரைக் காத்திருக்கிறது. தீராத நோயில் அது சாவைக் கொஞ்சம் தள்ளிவைக்கிறது. இந்த வித்தியாசத்தை டாக்டரிடம் நாம்தான் கேட்க வேண்டும். நான் கேட்கவில்லை.

சரி, என்ன செய்யலாம்? மீள முடியாத நிலை வந்தால் செயற்கைச் சிகிச்சை வேண்டாம் என்று முன்கூட்டியே எழுதிவைக்க, உச்ச நீதிமன்றம் 2018 மார்ச்சில் அனுமதித்தது. 2023இல் நடைமுறையையும் எளிதாக்கியது: இரண்டு சாட்சிகள், நோட்டரி அல்லது கெசட்டட் அதிகாரியின் கையெழுத்து போதும். அப்படி எழுதினால் கைவிட்டுவிடுவார்கள் என்று பயப்படாதீர்கள். வலிக்கான மருந்தும் பராமரிப்பும் கடைசிவரை உண்டு.

நான் எழுதிவிட்டேன். நகலை மகளிடம் காட்டியதும் அழுதாள். ‘இதை இப்பவே பேசணுமாப்பா?’ என்றாள். அப்புறம் அவளே பேனாவை எடுத்து, பால் ஊற்ற எங்களைப் பக்கத்தில் விட வேண்டும் என்று ஓரத்தில் ஒரு வரி சேர்த்தாள்.